அக்கானியைப் படமெடுப்பது

பிரான்சில் பர்கண்டி என்றொரு பகுதி. அங்கே சிவப்பு ஒயினுக்குப் பெரும்பாலும் பினோ நுவார் என்ற ஒரே திராட்சைதான். ஆனாலும் வேலிக்கு இந்தப் பக்கத்து ஒயினுக்கு ஒரு பெயர், அந்தப் பக்கத்து ஒயினுக்கு இன்னொரு பெயர். அந்தத் துண்டு நிலங்களை 2015-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. ஒயின் ஆவணப்படங்களில் என்னை இழுத்தது இதுதான்: குடிக்கிற பொருளில் ஓர் ஊர் இருக்கிறது என்று நம்பி, அந்த ஊரைப் படமெடுக்கிறார்கள்.

எனக்குத் திராட்சைத் தோட்டம் கிடையாது. கன்னியாகுமரி மாவட்டத்தில், கருங்கல் ஊர்ப் பக்கம் எங்கள் விளையில் (தோப்பில்) கொஞ்சம் பனை நிற்கிறது. பிழைப்புக்குக் கல்யாண வீடியோ. பங்குனி, சித்திரையில் பனையேறி அக்கானி, அதாவது பதநீர், இறக்குவதைப் படமெடுக்கிறேன்.

பனையேறும் மாமா முதலிலேயே சொல்லிவிட்டார்: "மக்களே, மரத்துல ஏறுகத எல்லாவனும் எடுக்கான். மேல இருந்து செய்யுக வேலைய எவனும் எடுக்கல்ல." உண்மைதான். கடிப்பு என்ற கருவியால் பாளையை இதமாக நசுக்கி, நுனியை மெல்லிசாகச் சீவி, கலயம் கட்டுவதில்தான் அக்கானியே இருக்கிறது. காலையும் மாலையும் சீவ வேண்டும். விட்டால் பாளை அடைத்துக்கொள்ளும். எனக்காக இன்னொரு தடவை சீவிக் காட்டச் சொல்ல முடியாது. அப்புறம் நானும் ஒரு சின்ன கேமராவோடு பக்கத்து மரத்தில் ஏறப் பழகினேன்.

கலயத்துக்குள் சுண்ணாம்பு பூசினால் அக்கானி இனிப்பாகவே இருக்கும். பூசாவிட்டால் காற்றிலும் பாளையிலும் இருக்கிற ஈஸ்ட் சில மணி நேரத்தில் அதைக் கள்ளாக்கிவிடும். திராட்சைச் சாறு ஒயினாவதும் ஈஸ்ட்டின் வேலைதான். தமிழ்நாட்டில் 1987 முதல் கள்ளுக்குத் தடை. களியக்காவிளை தாண்டினால் கேரளத்தில் கள்ளுக்கடை திறந்திருக்கிறது. 1956 நவம்பர் 1 வரை இரண்டு பக்கமும் ஒரே மாநிலம். மண்ணும் மரமும் இன்றைக்கும் ஒன்றுதான். ஆக, ஒரு பானத்தின் ருசியில் மண்ணோடு சேர்ந்து எல்லைக்கோடும் இருக்கிறது. என் படம் அந்தக் கோட்டின் இரண்டு பக்கமும் போகும்.

அக்கானியைக் காய்ச்சிக் கருப்பட்டி ஆக்குவது அம்மா. நான் அடுப்புக்கு விறகு தள்ளிக்கொண்டேதான் எடுக்கிறேன். பொங்கி வரும்போது ஆமணக்குக் கொட்டையை நசுக்கிப் போடுவாள், நுரை அடங்கும். குறுகிக் கூப்பனி என்ற பாகு ஆகும்போது கொதிக்கிற சத்தம் மாறும், கனமாக, இடைவெளி விட்டு. அம்மா பாத்திரத்தைப் பார்க்காமலே அதை வைத்து இறக்குவாள். அதனால் படத்தில் பின்னணி இசை கிடையாது. தண்ணீர்போல் கிடந்தது சிரட்டையில் ஊற்றும் பதத்துக்கு வருகிற அத்தனை நேரத்தையும் பார்க்கிறவர் காதால் அறிய வேண்டும். நீளம் என்று நண்பர்கள் குறைப்பட்டார்கள். வெட்ட மனமில்லை.

பனை 1978-லேயே மாநில மரமாகிவிட்டது. செங்கல் சூளைக்குப் போகிற லாரிகளில் இன்னும் அதன் தடி கிடக்கிறது. எங்கள் விளையைச் சுற்றி ரப்பர் வந்துவிட்டது. விளவங்கோடு, கல்குளம் பக்கம் இப்போதும் பனையேறுகிற யாரையாவது தெரிந்தால் எனக்குச் சொல்லுங்கள். பாளை விடுவதற்கு முன்பே போய்ப் பேச வேண்டும்.