பெரியப்பா கழித்துவிட்ட கிடாரங்கள்

ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு மணிக்குப் பெரியப்பா அழைத்தால் காரணம் இரண்டில் ஒன்றுதான். ஊரில் யாராவது போயிருப்பார்கள், அல்லது அவருடைய கணினி போயிருக்கும். அன்று கணினி.

ஓய்வூதியம் எடுத்த பிறகு திருமணப் பொருத்தம் பார்ப்பதை அவர் சேவையாகச் செய்து வருகிறார். காசு வாங்குவதில்லை. பத்து மணிக்கு மூதூரிலிருந்து பெண் வீட்டார் குறிப்போடு வருகிறார்களாம், சாதக மென்பொருளோ திறக்க மறுக்கிறதாம்.

உப்புவெளியிலிருந்து ஸ்கூட்டரில் திருகோணமலை டைக் வீதிக்குப் போய்ச் சேர்ந்தேன். வாசலில் கோட்டைப் பக்கத்து மான் ஒன்று வாழைப்பழத் தோலை மென்றுகொண்டிருந்தது. அந்த வளவில் பதற்றமில்லாமல் இருந்த ஒரே உயிர் அதுதான்.

திரையில் ஒரு சின்னப் பெட்டி. எம்எஸ்விசிபி140.டிஎல்எல் என்ற கோப்பு காணப்படவில்லை, மென்பொருளை மீண்டும் நிறுவிப் பாருங்கள் என்றது.

"நான் ஒன்றையும் தொடவில்லை" என்றார் பெரியப்பா. நான் இன்னும் எதுவும் கேட்டிருக்கவில்லை.

இரண்டு தடவை மீண்டும் நிறுவியும் பார்த்துவிட்டாராம். அதே பெட்டி.

"டிஎல்எல் என்றால் என்ன?"

"டைனமிக் லிங்க் லைப்ரரி."

"லைப்ரரியா? வாசிகசாலைக்கும் என் சாதகத்துக்கும் என்ன சம்பந்தம்?"

அவர் பல வருடங்கள் சனசமூக நிலையச் செயலாளராக இருந்தவர். அதனால் அந்த வழியிலேயே போனேன். "கலியாணச் சமையலுக்கு ஆளுக்கொரு கிடாரம் வாங்குகிறோமா? நிலையத்தில் ஒன்று இருக்கிறது, எல்லா வீடும் அதைத்தான் எடுத்துப் புழங்குகிறது. மென்பொருள்களும் அப்படித்தான். எல்லாவற்றுக்கும் தேவைப்படும் வேலைகளை எழுதி ஒரு பொதுக் கோப்பில் வைத்துவிடுவார்கள். கணினியில் இடம் மிச்சம். அதில் ஒரு பிழை இருந்தால் ஓரிடத்தில் திருத்தினால் போதும். உங்கள் சாதகம் கிடாரத்தைத் தேடுகிறது, கிடாரம் இல்லை."

"எடுத்தவன் எவன்? பதிவுப் புத்தகத்தைப் பார்!" என்றார் முன்னாள் செயலாளர்.

இணையத்தில் தேடினால், அந்த ஒரு கோப்பை மட்டும் இலவசமாகத் தருகிறோம் என்று தளங்கள் வரிசைகட்டி நின்றன. யார் வீட்டுக் கிடாரமோ, உள்ளே என்ன ஒட்டியிருக்கிறதோ. அதைத் தவிர்க்கும் அளவுக்கு எனக்குப் புத்தி இருந்தது. அடுத்ததற்கு இல்லை. என் மடிக்கணினியில் பொதுக் கோப்புகள் இருக்கும் சிஸ்டம்32 கோப்புறையிலிருந்து அதே பெயர்க் கோப்பை எடுத்து வந்து சாதகத்தின் கோப்புறையிலேயே போட்டேன். மென்பொருள் தன் சொந்தக் கோப்புறையில்தான் முதலில் தேடும் என்று தெரிந்த கெட்டித்தனம்.

பெட்டி மாறியது. இப்போது ஒரு பிழை எண்: 0எக்ஸ்சி000007பி.

பெரியப்பா கண்ணாடியைச் சரிசெய்து வாசித்தார். "ஏழு நிற்கிறது. ஏழாம் இடம் களத்திர ஸ்தானம். இந்தச் சம்பந்தம் சரிவராது."

சரிவராததுதான். மென்பொருள்களில் 32 பிட், 64 பிட் என்று இரண்டு வகை, ஒன்றின் கோப்பு மற்றதற்குப் பொருந்தாது. சாதக மென்பொருள் 32 பிட், நான் கொண்டுவந்த கோப்பு 64 பிட். சிஸ்டம்32 என்று பெயர் வைத்துவிட்டு 64 பிட் கோப்புகளை அங்கே வைத்திருக்கிறார்கள். 32 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்வாவ்64 என்ற கோப்புறையில். பெயர் வைத்த புண்ணியவான் நன்றாக இருக்கட்டும்.

அப்போதுதான் மேசையில் பெரியப்பாவின் குறிப்பேடு கண்ணில் பட்டது. முதல் நாள் தேதியில் அவருடைய முத்துமுத்தான கையெழுத்து: "மைக்ரோசொப்ட் விசுவல் சி பிளஸ் பிளஸ். ஒரே பெயரில் ஆறு. வீண். நீக்கப்பட்டது."

"பெரியப்பா!"

"ஒரே ஆளுக்கு ஆறு வாக்காளர் அட்டையா? நான் செயலாளராக இருந்தால் விடுவேனா?"

அவர் நீக்கிய ஆறும் பொதுக் கோப்புகள் இருந்த பொதிகள், ஒரே ஆள் இல்லை என்று விளக்கினேன். ஆண்டுவாரியாகப் பதிப்பு வேறு, ஒவ்வொன்றிலும் 32, 64 என்று பிட் வேறு. பழைய மென்பொருள் பழைய பதிப்பைத்தான் கேட்கும். முன்னொரு காலத்தில் புதிதாக வரும் மென்பொருள் பொதுக் கோப்பின் மேல் தன் பழைய பிரதியை எழுதிவிட்டுப் போகும், பத்து மென்பொருள் படுத்துவிடும். பெரிய கிடாரத்தை வாங்கிக்கொண்டு போய்ச் சின்னதைத் திருப்பிக் கொடுப்பது மாதிரி. அதற்கு 'டிஎல்எல் நரகம்' என்றே பெயர். அந்தச் சண்டை வேண்டாம் என்றுதான் இப்போது பக்கத்தில் பக்கத்தில் வைத்திருக்கிறார்கள். சாதகத்தை இரண்டு தடவை நிறுவியும் சரிவராததற்குக் காரணம், அது தன் சாமான்களை மட்டுமே கொண்டுவருகிறது. கிடாரம் ஊரில் இருக்கும் என்ற நம்பிக்கை அதற்கு.

நான் போட்ட கோப்பை அழித்தேன். மைக்ரோசொப்ட் தளத்திலிருந்தே விசுவல் சி பிளஸ் பிளஸ் பொதியை இறக்கினேன். 140 என்ற எண் 2015ஆம் ஆண்டுப் பதிப்போடு வந்தது. அதற்குப் பின் வந்த 2017, 2019, 2022 எல்லாம் அதே எண்ணைத்தான் பகிர்கின்றன, ஒரு பொதியே போதும். 32, 64 இரண்டையும் நிறுவிக் கணினியை மீளத் தொடக்கினேன். பத்து மணிக்கு ஐந்து நிமிடம் இருக்கையில் திரையில் பிள்ளையார் வந்தார்.

பெரியப்பா ஒரு வெள்ளைத் தாளில் தடித்த பேனாவால் எழுதித் திரையின் கீழே ஒட்டினார்: "கிடாரங்களை யாரும் தொடக்கூடாது. உத்தரவு."

தேநீர்த் தட்டோடு வந்த பெரியம்மா அதை நின்று வாசித்தார்.

"போன மாசம் எடுத்த என் கிடாரத்தைச் சனசமூக நிலையம் இன்னும் திருப்பித் தரவில்லை. முதலில் அதற்கு உத்தரவு போடுங்கள்."