விடுதலைத் தீர்ப்புக்குப் பின் வியாபார அனுமதிப்பத்திரம்: ஒரு திருகோணமலை அனுபவம்

திருகோணமலை கண்டி வீதியில் பழைய இரும்பு, செம்பு, பித்தளை வாங்கி விற்கும் கடையொன்றை நடத்தி வருகிறேன். திருட்டுச் செம்புக் கம்பியை வைத்திருந்ததாகத் தண்டனைச் சட்டக்கோவையின் 394ஆம் பிரிவின் கீழ் என்மீது வழக்குத் தொடரப்பட்டபோது, வழக்கு விளக்கத்திற்கு வருமுன்னரே உள்ளூராட்சி சபை எனது வியாபார அனுமதிப்பத்திரத்தை இரத்துச் செய்துவிட்டது. கம்பி தம்முடையதுதான் என்று முறைப்பாட்டாளரால் அடையாளங்காட்ட முடியாமற் போகவே, நீதவான் என்னைக் குற்றவாளியல்லர் எனக் கண்டு விடுதலை செய்தார். இனிக் கடையைத் திறக்க வேண்டியதுதானே என்று உறவினர்கள் கேட்டார்கள். சட்டம் அப்படி இயங்குவதில்லை.

அனுமதிப்பத்திரத்தை இரத்துச் செய்தது சபையே அன்றி நீதிமன்றம் அன்று. ஆகவே தீர்ப்பு வந்ததும் அந்த முடிவு தானாக இல்லாமற் போய்விடாது. எடுத்த சபையே அதை விலக்க வேண்டும், அல்லது மேல் நீதிமன்றம் நீக்க வேண்டும். போதாக்குறைக்கு, இந்த அனுமதிப்பத்திரம் ஆண்டுதோறும் டிசம்பர் 31ஆம் திகதியுடன் காலாவதியாவது. வழக்கு அந்தத் திகதியையும் தாண்டி இழுபட்டிருந்தபடியால், மீட்பதற்கு இனி எதுவுமில்லை, புதிதாக விண்ணப்பியுங்கள் என்று கருமபீடத்தில் சொன்னார்கள். என் சட்டத்தரணி அதற்கு இணங்கவில்லை. புதிய விண்ணப்பத்தை மட்டும் கொடுத்தால் பழைய இரத்து கோப்பில் அப்படியே கிடக்கும், நாளைக்கு அதையே காட்டிப் புதியதையும் மறுக்கலாம் என்றார். எனவே இரத்துத் தீர்மானத்தை விலக்கக் கோரும் கடிதத்தையும் நடப்பாண்டு விண்ணப்பத்தையும் ஒன்றாகப் பதிவுத் தபாலில் அனுப்பினோம்.

இணைத்தவற்றுள் முதன்மையானது தீர்ப்பின் அத்தாட்சிப்படுத்திய பிரதி. அதில் எந்த வகை விடுதலை என்பது தெளிவாக இருக்க வேண்டும். சாட்சியங்களைக் கேட்டபின் குற்றவாளியல்லர் என விடுதலை செய்யப்பட்டவர்மீது அதே குற்றத்திற்கு மீண்டும் வழக்குத் தொடர முடியாது. வழக்கை இடையில் நிறுத்தி விடுவிக்கப்பட்டவருக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. பொலிஸார் மேன்முறையீடு செய்யக்கூடும் என்று சபையில் ஒருவர் தயங்கினார். நீதவான் வழங்கிய விடுதலைக்கு எதிராக மேன்முறையீடு செய்யச் சட்டமா அதிபரின் எழுத்துமூல அனுமதி வேண்டும், அதற்கான காலம் 14 நாட்கள் என்பதைச் சுட்டிக்காட்டி, மேன்முறையீடு எதுவும் தாக்கல் செய்யப்படவில்லை என்ற நீதிமன்றப் பதிவாளரின் கடிதத்தையும் சேர்த்தோம்.

அதன் பின்னரும் பதில் வரவில்லை. அசையாத கோப்பை அசைத்தது 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம். ஒரு முடிவினால் பாதிக்கப்பட்டவர் கேட்டால் அம்முடிவுக்கான காரணத்தை அதிகாரி வெளிப்படுத்த வேண்டும் என்கிறது அதன் 35ஆம் பிரிவு. தகவல் உத்தியோகத்தர் 14 வேலை நாட்களுக்குள் தீர்மானிக்க வேண்டும் என்பதால் இக்கோரிக்கையை மூலையில் போட்டுவைப்பது எளிதன்று. நிலுவையிலுள்ள வழக்கே இரத்துக்கு ஒரே காரணம் என்று எழுத்தில் வந்த பதில், என் பார்வையில், தீர்ப்புக்கு அடுத்தபடியான ஆவணம். அந்தக் காரணம் இப்போது இல்லையே.

அதை வைத்துச் சட்டத்தரணி கோரிக்கைக் கடிதம் அனுப்பினார். இரத்துச் செய்யுமுன் என்னிடம் விளக்கம் கேட்கப்படாதது இயற்கை நீதிக்கு முரண் என்பதையும், உள்ளூராட்சி மாகாண விடயமாதலால் திருகோணமலையிலுள்ள மாகாண மேல் நீதிமன்றத்திலேயே, சபையின் முடிவை நீக்கக் கோரும் எழுத்தாணை மனுவைத் தாக்கல் செய்யலாம் என்பதையும் அதில் குறிப்பிட்டிருந்தார். கொழும்புக்கு அலைய வேண்டியதில்லை என்பது பலருக்குத் தெரிவதில்லை. மனு தேவைப்படாமலே சபை இரத்தை விலக்கிற்று. இடப் பரிசோதனையும் கட்டணமும் வழமைபோல் முடிந்தன. பொருள் விற்க வருவோரின் அடையாள அட்டை இலக்கத்தைப் பதிவேட்டில் எழுத வேண்டும் என்று ஒரு நிபந்தனை விதித்தார்கள், நியாயமானதுதான், மறுக்கவில்லை.

வழக்குப் பொருளாக நீதிமன்றக் காப்பிலிருந்த கம்பியை மீளப் பெறுவதற்கு மட்டும், அனுமதிப்பத்திரத்தோடு தொடர்பில்லாத தனி விண்ணப்பம் ஒன்றை நீதவானிடம் செய்ய வேண்டியிருந்தது.