அம்மியும் குலானும்

சங்க மலருக்குப் பள்ளிக்கூட நினைவு ஒன்று எழுதிக் கொடு என்று செயலாளர் அண்ணன் மூன்று வாரமாக வாட்ஸ்அப்பில் விடாமல் கேட்டுக்கொண்டிருக்கிறார். எங்கள் 1999ஆம் ஆண்டு பத்தாம் வகுப்பு ‘பி’ பிரிவில் டாக்டர் ஆனவர்கள் உண்டு, இஞ்சினியர் ஆனவர்கள் எண்ணிக்கையில் அடங்கமாட்டார்கள். அவர்கள் பெருமையைச் சொல்ல அவரவர் அம்மாக்கள் ஊரில் இருக்கிறார்கள். நான் எழுதப்போவது கடைசி பெஞ்சில் எனக்கு இடமும் வலமும் உட்கார்ந்திருந்த இருவரைப் பற்றி. ஒருவன் பத்து வருடம் சீட்டாடியே சோறு தின்றான். இன்னொருவன் வேல்ஸில் சேற்றுக்குள் தலையைக் கொடுத்துத் தள்ளுவதற்குக் காசு வாங்கினான்.

பெயர் போடாதே என்று இருவருமே சொல்லிவிட்டார்கள். முதலாமவனுக்கு அம்மாவைப் பயம், இரண்டாமவனுக்குக் கூச்சம். சரி, பட்டப்பெயர் போதும். உங்களில் பாதிப் பேருக்குப் பட்டப்பெயர்தான் ஞாபகம் இருக்கும்.

குலானுக்கு அந்தப் பெயர் இருபத்தெட்டு ஆட்டத்தில் வந்தது. வெளிமாவட்டத்துக்காரர்கள் யாராவது இதை வாசித்தால், அவர்களுக்காக ஒரு வார்த்தை. ஏழுக்குக் கீழே உள்ள சீட்டுகளைக் கழித்துவிட்டு 32 சீட்டில் ஆடுவது. ராஜா ராணிக்கு ஒரு மதிப்பும் கிடையாது. ஜாக்கிக்கு, அதாவது குலானுக்கு, 3 புள்ளி. ஒன்பதுக்கு 2, ஆசுக்கும் பத்துக்கும் ஒவ்வொன்று. நான்கு இனத்துக்கும் கூட்டினால் 28. நாலு பேர் ஆட்டம், எதிரெதிரே இருப்பவர்கள் ஒரு கட்சி. முதல் நாலு சீட்டு கைக்கு வந்ததுமே இத்தனை புள்ளி எடுப்போம் என்று கேள்வி கேட்டு, துருப்பைக் கவிழ்த்து வைக்க வேண்டும். மீதி நாலு சீட்டைப் பார்க்காமலே பந்தயம் என்பதால் அரைகுறைத் தகவலில் முடிவெடுக்கிறவனுக்கான ஆட்டம் இது. நம்ம ஆள் அதில் மன்னன். வேதியியலில் 38 மார்க் வாங்கினவன், எந்தக் கையில் எந்த இனம் தீர்ந்தது என்பதை ஒரு சீட்டு பிசகாமல் சொல்வான்.

தோற்றவன் காதில் குணுக்கு போட வேண்டும். கஞ்சி குடிக்கக் கோட்டுகிற அதே பிலாவிலைதான். சுருட்டி, பிளந்த ஈர்க்கில் ஒன்றைச் செருகி, காது மடலைக் கவ்வுகிற மாதிரி மாட்டிவிடுவோம். ஜெயிக்கும்வரை கழற்றக்கூடாது. அடுத்தடுத்துத் தோற்றால் ஒரு காதில் மூன்று நான்குகூடத் தொங்கும்.

ஒரு வெள்ளிக்கிழமை கடைசிப் பீரியட், சோதனைச்சாலைக்குப் பின்னால் பிலாமரத்தடியில் ஆடிக்கொண்டிருந்தோம். குலானும் அம்மியும் ஒரு கட்சி. எனக்கும் என் கூட்டாளிக்கும் காதுக்கு இரண்டாக நாலு நாலு குணுக்கு. தலைமையாசிரியர் எந்த வழியாக வந்தார் என்றே தெரியவில்லை.

“காதுல என்னடே அது? பாம்படமா?”

எங்கள் இருவரையும் அப்படியே நடத்திக்கொண்டு போய் ஆபீஸ் வாசலில் உட்கார வைத்தார், குணுக்கோடு. வெறுங்காதோடு நின்ற குலானை வேடிக்கை பார்க்க வந்தவன் என்று நினைத்துக்கொண்டு வகுப்புக்கு விரட்டினார். அவனும் ஒரு வார்த்தை பேசாமல் போனான். அம்மிக்கும் வெறுங்காதுதான், அவனையும் போகத்தான் சொன்னார். “நானும் ஆடினேன் சாரே” என்று சொல்லி எங்கள் பக்கத்தில் வந்து உட்கார்ந்துகொண்டான். சத்துணவுக் கூடத்து ஆச்சி பாத்திரம் கழுவப் போகிற வழியில் எங்களைப் பார்த்துச் சிரித்தாள். பாம்படம் கழற்றி வருஷக்கணக்கான அவள் காது, தோளைத் தொட்டு ஆடியது.

அன்றைக்குக் குலான் மேல் எனக்கு இருந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. பிற்பாடு யோசித்தால், வேண்டாத சீட்டை யோசிக்காமல் மடக்கிப் போடுவதுதான் அவன் தொழிலாகவே ஆனது.

அம்மி வேறு ரகம். அவன் வீட்டில் ரப்பர் ஷீட் அடிக்கிற இரும்பு ரோலர் இருந்தது. விடிகாலையில் வெட்டி எடுத்த பாலை உறைய வைத்த பிறகு, அந்தக் கைச்சக்கரத்தைச் சுற்றுவது அவன் வேலை. பள்ளிக்கு வருகிறபோது சட்டையில் ஆசிட் வாடையும் தோளில் காளைக் கன்றுத் திமிலும் இருக்கும். ஓணத்துக்கு மன்றங்கள் நடத்தும் வடம் இழுப்பில் எப்போதும் கடைசி ஆள். வடத்தை உடம்பில் சுற்றிக்கொண்டு சாய்ந்தான் என்றால் அந்தப் பக்கம் எட்டு பேர் நாக்குத் தள்ளுவார்கள். அடிமேல் அடி வைத்தால் அம்மியும் நகரும் என்பார்களே, எங்கள் அம்மி நகர்ந்து நான் பார்த்ததில்லை.

அவன் அம்மா நர்ஸ். வளைகுடாவில் இருந்தவர், ஆள் எடுக்கிறார்கள் என்று வேல்ஸுக்கு மாறினார். 2001இல், பிளஸ் டூ முடித்த கையோடு அவனும் போனான். ஆஸ்பத்திரியில் நோயாளிகளைத் தள்ளிக்கொண்டு போகிற போர்ட்டர் வேலை. உடன் வேலை பார்த்த ஒருவர் உள்ளூர் ரக்பி கிளப்காரர். இவனை மேலும் கீழும் பார்த்து, வியாழக்கிழமை சாயங்காலம் மைதானத்துக்கு வா என்றாராம். பந்தைப் பிடிக்கவே தெரியாது என்று இவன் சொல்லியிருக்கிறான். நீ நிற்கப்போகிற இடத்துக்குப் பந்து வராது, கவலைப்படாதே என்று பதில்.

அந்த இடத்துக்குப் பெயர் ப்ராப். நம்மூரில் குலை தள்ளிய ஏத்தன் வாழைக்கு முட்டுக் கொடுக்கிறோம் அல்லவா, அந்த முட்டுதான். ஸ்க்ரம் என்று இரண்டு பக்கமும் எட்டெட்டுப் பேர் கோத்துக்கொண்டு முட்டித் தள்ளும்போது, முன்வரிசையில் நடுவே ஹூக்கர், அவருக்கு இருபுறமும் இரண்டு ப்ராப். 1ஆம் எண்காரனுக்கு ஒரு தோள் வெளியே இருக்கும். 3ஆம் எண்காரன் தலை எதிரணியின் இரண்டு பேருக்கு நடுவே சிக்கும், இரண்டு தோளிலும் பாரம். அம்மி 3. “வடம் இழுப்புல எட்டு பேர் பின்னால சாய்வோம், இங்க எட்டு பேர் முன்னால சாயணும். அவ்வளவுதான்டே” என்று முதல் வருடம் போனில் சொன்னான். அவ்வளவுதான் இல்லை என்பது அடுத்த வருடம் கழுத்து வலித்தபோது தெரிந்தது.

முன்வரிசைக்குப் பழகாதவனை அங்கே நிறுத்த விதி இடம் தராது. பழகின ஆள் இல்லையென்றால் தள்ளாமல் சும்மா கோத்து நிற்கச் சொல்லிவிடுவார் நடுவர். அதனால் சின்ன கிளப்புகளிலும் 3ஆம் எண்ணுக்குக் கிராக்கி. ஒரு சீசன் முழுக்கப் பயிற்சி, அப்புறம் இரண்டாம் அணி, பிறகு வேறொரு கிளப்பில் ஆட்டத்துக்கு இவ்வளவு என்று பேசிக் காசு. டிவியில் வருகிற அளவுக்குப் போகவில்லை. போர்ட்டர் வேலையை விடவும் இல்லை. அவன் சாமி மாதிரி நினைப்பது ஜேசன் லெனார்டை. 1995 ஆகஸ்ட் வரை ரக்பி யூனியன் என்கிற இந்த வகை ரக்பியில் ஆடுகிறவன் சம்பளம் வாங்கவே கூடாது. தச்சு வேலை பார்த்துக்கொண்டே இங்கிலாந்துக்கு ஆட ஆரம்பித்த ப்ராப் அவர். 2004இல் நிறுத்தும்போது இங்கிலாந்துக்காக 114 ஆட்டம். வேல்ஸ் கிளப்பில் உட்கார்ந்துகொண்டு இங்கிலாந்துக்காரனைப் புகழ்ந்ததற்கு அம்மி வாங்கிய ஏச்சு தனி.

வெள்ளைக்காரன் விளையாட்டு நமக்கு எதற்கு என்று ஒருமுறை கிண்டல் செய்தேன். கல்கத்தா கப் தெரியுமா என்று கேட்டான். கல்கத்தாவில் வெள்ளைக்காரர்கள் நடத்திய ரக்பி கிளப்பை 1870களின் கடைசியில் மூடும்போது, வங்கியில் கிடந்த பணத்தை வெள்ளி ரூபாயாக எடுத்து உருக்கிச் செய்த கோப்பை. 1879 முதல் இங்கிலாந்தும் ஸ்காட்லாந்தும் அதற்காக மோதுகிறார்கள். மூன்று கைப்பிடியும் நாகப்பாம்பு, மூடியில் யானை. “உருக்கினது நம்ம ரூவாய்லே” என்றான். அதற்கு என்னிடம் பதில் இல்லை.

ஊரில் கேட்டவர்களுக்கு இதைப் புரியவைப்பது பெரிய பாடு. பையனுக்கு என்ன ஜோலி என்று கேட்டால் அம்மியின் அப்பா “ரக்பி” என்பார். சந்தையில் அது ரப்பர் என்று போய்ச் சேர்ந்தது. அந்தக் குளிரில் பால் நிற்குமா என்று ஒருவர் என்னிடமே சந்தேகம் கேட்டார்.

குலான் வீட்டில் இதைவிட மோசம். அவன் அம்மா பொய் சொல்லமாட்டார், உண்மையைச் சொல்லவும் முடியாது. “லண்டன்ல சீட்டு” என்று மட்டும் சொல்லி நிறுத்திக்கொள்வார். ஏலச்சீட்டு என்று எடுத்துக்கொண்ட பக்கத்து வீட்டுக்காரர், கமிஷன் எவ்வளவு, ஒரு லட்சத்துச் சீட்டில் சேரலாமா என்று விசாரித்து லெட்டரே போட்டுவிட்டார்.

அவன் போக்கர் சீட்டாட்டத்துக்குள் போனது இஞ்சினியரிங் படிக்கும்போது. 2003இல் அமெரிக்காவில் கிறிஸ் மணிமேக்கர் என்ற கணக்காளர், இணையத்தில் 86 டாலர் கட்டி ஆடிய ஆட்டத்தில் தேறி, லாஸ் வேகாஸ் உலகப் போட்டிக்குப் போய் 25 லட்சம் டாலர் ஜெயித்தார். பெயரே மணிமேக்கர், நாமே வைத்தாலும் இவ்வளவு பொருத்தமாக வைக்கமாட்டோம். அந்தச் செய்தியால் மேஜைக்கு வந்து உட்கார்ந்த ஆயிரக்கணக்கானவர்களில் நம்மவனும் ஒருவன். ஐ.டி. வேலையில் லண்டன் வந்து, 2009இல் வேலையை விட்டான்.

நான் ஒருமுறை அவன் அறையில் தங்கியிருக்கிறேன். சினிமாவில் காட்டுகிற கோட்டு சூட்டு எதுவும் கிடையாது. சாரம், அதாவது லுங்கி, கட்டிக்கொண்டு இரண்டு கணினித் திரைகளில் ஒரே நேரத்தில் பன்னிரண்டு மேஜை. கைக்கு வரும் இரண்டு சீட்டைப் பார்த்து, அநேகமாக எல்லாவற்றையும் மடக்கிக்கொண்டே இருந்தான். இரவு பத்து மணிக்கு உட்கார்ந்தவன் நாலு மணிக்கு எழுந்து நோட்டில் எழுதினான். நாற்பது பவுண்டு நஷ்டம், “சரியா ஆடினேன்” என்று பக்கத்தில் குறிப்பு. நஷ்டத்துக்கு எதிரே அப்படி எழுதுகிறவனை அன்றுதான் பார்த்தேன். இரண்டு ஆசு கைக்கு வருவது 221 தடவைக்கு ஒரு தடவை. அதுவும் எதிராளியிடம் இரண்டு ராஜா இருந்தால் கிட்டத்தட்ட ஐந்தில் ஒரு தடவை தோற்கும். அந்த ஒன்று அடுத்தடுத்து வந்து மாதக்கணக்கில் நிற்கவும் செய்யும். அதுவரை வாடகை கொடுக்கப் பணம் வேண்டும். பிரிட்டனில் சூதாடி ஜெயித்த பணத்துக்கு வரி இல்லை. ஆனால் சம்பளச் சீட்டும் இல்லை, வீட்டுக்கடன் கேட்கப் போன இடத்தில் சிரிக்காத குறை.

2011 ஏப்ரல் 15 அன்று அமெரிக்க அரசு பெரிய போக்கர் தளங்களை அந்த நாட்டில் முடக்கியது. அதன் பின் அவன் பணம் போட்டு வைத்திருந்த தளம் ஒன்று மூடிக்கொண்டது. ஒன்றரை வருடம் பணம் வரவில்லை. அந்த நாட்களில் அவனுக்கு மாதாமாதம் 150 பவுண்டு அனுப்பியது அம்மி. குலான் கேட்கவில்லை. இவன் அனுப்பினான்.

2014இல் லாஸ் வேகாஸ் முதன்மைப் போட்டிக்குப் போனான். நுழைவு 10,000 டாலர். அவ்வளவையும் தனியே போடமாட்டார்கள், பங்கு விற்பார்கள். நானும் 200 டாலருக்கு இரண்டு சதவீதம் வாங்கினேன், வீட்டில் சொல்லாமல். இரண்டாம் நாள் கையில் இரண்டு ஆசு, எதிராளியிடம் இரண்டு ராஜா, பணம் முழுக்க நடுவில். கடைசிச் சீட்டு ராஜா. போனில் சொல்லும்போது குரலில் ஒரு நடுக்கம் இல்லை. “அஞ்சுல ஒண்ணு, மக்கா. இது அந்த ஒண்ணு.” அந்த நிதானம்தான் அவனைப் பத்து வருடம் காப்பாற்றியது என்பது தெரியும். இருந்தாலும் என்னால் அதைப் பொறுக்க முடியவில்லை. என் 200 டாலருக்காவது கொஞ்சம் அழுதிருக்கலாம்.

நான் ரொம்ப நாளாக நினைத்துக்கொண்டிருந்தது, குலான் மூளையால் பிழைத்தான், அம்மி உடம்பால் பிழைத்தான் என்று. இப்போது அப்படித் தோன்றவில்லை. இருபத்தெட்டில் குலான் மன்னனாக இருந்தது எதிரே அம்மி இருந்ததால். கூட்டாளி போடுகிற ஒரு சீட்டிலிருந்து அவன் மனதில் இருப்பதை வாசிப்பதுதான் குலானின் கெட்டிக்காரத்தனம். போக்கரில் கூட்டாளி கிடையாது. யாருடனாவது கூட்டுச் சேர்ந்தால் அது மோசடி, வெளியே போட்டுவிடுவார்கள். அவனிடம் இருந்த நல்ல பாதியைப் பூட்டி வைத்துவிட்டு மிச்சத்தை வைத்து ஆடினான். ஸ்க்ரத்தில் எல்லாமே கோப்புதான். பக்கத்தில் இருப்பவன் சட்டையை இறுகப் பிடிக்காவிட்டால் இருவர் கழுத்தும் போகும். எது உசந்தது என்று கேட்டால், காசு பார்த்தவன் குலான். தூங்கியவன் அம்மி.

அம்மியும் சும்மா தப்பவில்லை. அவன் ஆடிய காலத்தில் இரண்டு அணியும் ஓடிவந்து இடிக்காத குறையாக மோதும். 2013இல்தான் முதலில் சட்டையைப் பிடித்துக்கொண்டு பிறகு தள்ளுவது என்று கட்டளையை மாற்றினார்கள். பத்து வருடம் முன்னால் மாற்றியிருந்தால் என் கழுத்து பிழைத்திருக்கும் என்பான். மறு வருடமே நிறுத்திவிட்டான். இப்போது சனிக்கிழமைகளில் சின்னப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கிறான். குலான் 2019இல் சீட்டை விட்டான், காப்பீட்டு நிறுவனம் ஒன்றில் கணக்குப் போடுகிறான். ஊரில் ஆன்லைன் ரம்மியில் பணம் இழந்து பிள்ளைகள் உயிரை விட்ட செய்திகள் வந்தபோது, தெரிந்தவர் வீடுகளுக்கெல்லாம் போன் போட்டு வேண்டாம் என்று சொன்னான். 2025 ஆகஸ்டில் பணம் வைத்து ஆடும் ஆன்லைன் ஆட்டங்களை இந்தியா மொத்தமாகத் தடை செய்தபோது, “நல்லது” என்று ஒரே வார்த்தை அனுப்பினான்.

போன டிசம்பரில் மூவரும் குடும்பத்தோடு என் வீட்டில் கூடினோம். மரச்சீனிக்கிழங்கும் மீன்கறியும். என் பையனை நாலாவது ஆளாக உட்கார வைத்து இருபத்தெட்டு. பழையபடி குலானும் அம்மியும் ஒரு கட்சி. எனக்குச் சீட்டு வந்த வரவில் மூன்று ஆட்டம் வரிசையாக அவர்கள் தோற்றார்கள். பிலாவிலைக்கு எங்கே போவது, என் பையன் கறிவேப்பிலைப் பொதியின் கவரைச் சுருட்டித் துணிக்கிளிப்பில் செருகிக் குணுக்கு செய்துவிட்டான். குலான் பேசாமல் காதை நீட்டி மாட்டிக்கொண்டான். அம்மி காதில் நிற்கவில்லை. பன்னிரண்டு வருடம் ஸ்க்ரத்தில் உரசி ரத்தம் கட்டி, மடிப்பே இல்லாமல் வேகவைத்த சேம்பு மாதிரி உருண்டுபோன காது. கிளிப்புக்குக் கவ்வ இடமில்லை, வழுக்கி வழுக்கி விழுந்தது.

குலான் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தான். அப்புறம் கீழே கிடந்த மூன்றையும் பொறுக்கித் தன் காதிலேயே மாட்டிக்கொண்டு, “சீட்டைப் போடுலே” என்றான்.