கொலை வழக்கில் ஜாமீன்: விடையை எங்கே தொடங்குவது?

"கொலை வழக்கில் கைதான ஏ-3 (குற்றம் சாட்டப்பட்டவர்களில் மூன்றாமவர்) நாற்பது நாளாகச் சிறையில் இருக்கிறார், அவருடைய ஜாமீன் மனுவை முடிவு செய்க." சட்டக் கல்லூரித் தேர்விலும் சிவில் நீதிபதி தேர்விலும் இந்த மாதிரிக் கேள்விக்குப் பலர் 'ஜாமீனே விதி, சிறை விதிவிலக்கு' என்று தொடங்கி ஒரு பக்கம் நிரப்பிவிடுகிறார்கள். கொலைக் குற்றத்தில் அந்த வாசகம் அதிக தூரம் போகாது. மனு எந்த நீதிமன்றத்தில், எந்தப் பிரிவில், வழக்கின் எந்தக் கட்டத்தில் என்பதுதான் முதல் பத்தி.

2024 ஜூலை 1 முதல் கொலைக்குத் தண்டனைப் பிரிவு பிஎன்எஸ் (பாரதிய நியாய சன்ஹிதா, புதிய தண்டனைச் சட்டம்) 103. சம்பவம் அதற்கு முந்தையது என்றால் பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் (இதச) 302தான். கேள்வியில் உள்ள தேதியைப் பார்க்காமல் எழுதக் கூடாது. புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பிஎன்எஸ்எஸ்ஸின் 480 (பழைய சட்டத்தில் 437) மாஜிஸ்திரேட்டின் கையைக் கட்டுகிறது: மரண தண்டனையோ ஆயுளோ விதிக்கத்தக்க குற்றத்தைச் செய்தவர் என்று நம்ப நியாயமான காரணம் இருந்தால் விடக் கூடாது. குழந்தை, பெண், நோயாளி, உடல் நலிந்தவர் ஆகியோருக்கு விலக்கு உண்டு. ஆனால் அது கேட்டதும் கிடைக்கும் உரிமை இல்லை. நடைமுறையில் மனு 483-இன் (பழைய 439) கீழ் அமர்வு நீதிமன்றத்துக்கும், அங்கே தள்ளுபடியானால் உயர் நீதிமன்றத்துக்கும் போகும். அரசு வழக்கறிஞருக்கு நோட்டீஸ் போக வேண்டும் என்பதை விடாதீர்கள்.

அடுத்து, நீதிமன்றம் எதைப் பார்க்கிறது? பிரசாந்த குமார் சர்க்கார் (2010) தீர்ப்பு அளவுகோல்களைத் தொகுத்துத் தருகிறது: முதல் நோக்கில் ஆதாரம், குற்றத்தின் கடுமை, தண்டனையின் அளவு, தப்பி ஓடும் வாய்ப்பு, நபரின் பின்னணியும் செல்வாக்கும், மீண்டும் குற்றம் செய்யும் சாத்தியம், சாட்சிகளைக் கலைக்கும் அச்சம், நீதி பிறழும் ஆபத்து. மனப்பாடமாக ஒப்பித்தால் பாதி மதிப்பெண்தான். ஒவ்வொன்றையும் கேள்வியின் சங்கதியோடு கட்டுங்கள். ஏ-1 அரிவாளால் வெட்டியதை நேரில் பார்த்த சாட்சி இருக்கிறார், ஏ-3 தெருமுனையில் பைக்கோடு நின்றார் என்றால், ஏ-3-ஐ இணைப்பது எது? சிசிடிவியா, போன் அழைப்புப் பதிவா, உடன் எதிரியின் (அதே வழக்கில் குற்றம் சாட்டப்பட்ட இன்னொருவரின்) வாக்குமூலம் மட்டுமா? காஞ்சிபுரம் சங்கரராமன் கொலை வழக்கில் காஞ்சி மடாதிபதி ஜெயேந்திரருக்கு 2005 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் ஜாமீன் தந்ததற்கு, உடன் எதிரிகளின் வாக்குமூலத்தைத் தாண்டி வலுவான ஆதாரம் காட்டப்படாதது முக்கியக் காரணம். இன்னொருவருக்கு ஜாமீன் கிடைத்ததைக் காட்டி ஏ-3 கேட்டால், இருவரின் பங்கும் ஒன்றா என்று பார்த்த பிறகே 'அவருக்குக் கொடுத்ததுபோல எனக்கும்' என்ற சம வாதம் எடுபடும்.

எதிர்ப்பக்கமும் எழுத வேண்டும். நீண்ட சிறைவாசம் மட்டும் போதாது என்கிறது கல்யாண் சந்திர சர்க்கார் (2004). ரேணுகாசாமி கொலை வழக்கில் கன்னட நடிகர் தர்ஷனுக்குக் கர்நாடக உயர் நீதிமன்றம் தந்த ஜாமீனை 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. தவறான உத்தரவை மேல் நீதிமன்றம் நீக்குவது வேறு, வெளியே வந்தவர் நிபந்தனையை மீறியதால் ரத்தாவது வேறு. இந்த வித்தியாசத்துக்கு மகிபால் (2019) தீர்ப்பைக் காட்டுங்கள்.

கணக்கில் சறுக்குவது டிஃபால்ட் ஜாமீனில், அதாவது கெடுவுக்குள் போலீஸ் குற்றப்பத்திரிகை தராததால் கிடைக்கும் ஜாமீனில். பிஎன்எஸ்எஸ் 187(3)-இன் கீழ் கொலைக்கு அந்தக் கெடு 90 நாள், 60 அல்ல. கைதான நாளை விட்டு, ரிமாண்ட் நாளையும் (மாஜிஸ்திரேட் காவலில் வைக்க உத்தரவிட்ட நாள்) சேர்த்து எண்ண வேண்டும். மார்ச் 1 ரிமாண்ட் என்றால் 90-வது நாள் மே 29. அதற்குள் குற்றப்பத்திரிகை வராவிட்டால் மே 30 அன்று உரிமை பிறக்கிறது. அன்று காலை மனு போட்டு, மாலையில் குற்றப்பத்திரிகை வந்தாலும் உரிமை போகாது (எம். ரவீந்திரன், 2020). மனுவுக்கு முன் அது வந்துவிட்டால் போயிற்று. இங்கே ஆதாரத்தின் வலு பேசவே கூடாது, மாஜிஸ்திரேட்டே தரலாம்.

தண்டனைக் காலத்தில் ஒரு பகுதியைச் சிறையில் கழித்துவிட்ட விசாரணைக் கைதியை ஜாமீனில் விடுவதற்கான பிஎன்எஸ்எஸ் 479-ஐ (பழைய 436ஏ) கொலைக்கு இழுக்காதீர்கள். மரண தண்டனை, ஆயுள் குற்றங்களுக்கு அது பொருந்தாது.

கொல்லப்பட்டவர் பட்டியலினத்தவர், எஸ்சி/எஸ்டி வன்கொடுமைத் தடுப்புச் சட்டமும் சேர்ந்திருக்கிறது என்றால் பாதையே மாறும். அந்தச் சட்டத்தின் பிரிவு 18 முன்ஜாமீனை அடைக்கிறது; 15ஏ-படி பாதிக்கப்பட்ட தரப்புக்கும் தகவல் போக வேண்டும்; சிறப்பு நீதிமன்றம் மறுத்தால் உயர் நீதிமன்றத்தில் போடுவது 14ஏ(2)-இன் கீழ் மேல்முறையீடு.