ரோட்டைத் தாண்டியதுக்கு நான்கு நாள் அலைச்சல்

சீனாவின் டோங்குவான் நகரத்தில் வீடு மாறப் போகிற வெளிநாட்டுக்காரர்கள் அட்வான்ஸ் கொடுக்கும் முன் ஒன்றை மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள்: புது வீடு எந்த ஜென்னில், அதாவது நகரத்துக்குள் எந்த நிர்வாகப் பிரிவில், வருகிறது? நான் கேட்கவில்லை. பழைய வீட்டு பால்கனியில் நின்றால் புது வீட்டு மொட்டைமாடியில் காயும் துணி தெரியும். நடுவில் ஒரே ஒரு ரோடு. அந்த ரோடுதான் இரண்டு ஜென்னுக்கும் எல்லை என்பது, புது விலாசத்தைப் போலீஸில் பதியப் போன திங்கட்கிழமை காலைதான் தெரிந்தது.

ஜென் என்பதை டவுன் என்று மொழிபெயர்க்கிறார்கள். அதை நம்பி நம்ம ஊர்ப் பேரூராட்சி மாதிரி ஏதோ என்று நினைத்திருந்தேன். சீனாவில் வழக்கமாக மாகாணம், அதற்குக் கீழே நகரம், அப்புறம் மாவட்டமோ கவுன்டியோ, அதற்கும் கீழேதான் ஜென். அரசாங்கத்தின் கடைசிப் படி. டோங்குவானில் அந்த நடுப்படியே கிடையாது. 1985 வரை கவுன்டியாக இருந்த ஊர் அது. 1988இல் நேராக மாகாணத்துக்குக் கீழே வரும் நகரமாக உயர்த்தினார்கள், ஆனால் கீழே மாவட்டங்கள் பிரிக்கவில்லை. 28 ஜென்னும், ஜியேதாவ் எனப்படும் 4 நகர்ப்பகுதிகளும் நேராக நகரத்துக்குக் கீழே வருகின்றன. 8 லட்சம் பேருக்கு மேல் வாழும் ஜென்கூட இங்கே உண்டு. ஒவ்வொன்றும் தனி ராஜ்ஜியம்தான்.

வெளிநாட்டுக்காரர்களுக்கு இங்கே ஒரு விதி உண்டு. ஹோட்டலில் தங்காத வெளிநாட்டுக்காரர் குடிபோன 24 மணி நேரத்துக்குள் அந்தப் பகுதி போலீஸ் ஸ்டேஷனில் பதிய வேண்டும். தவறினால் எச்சரிக்கை, 2,000 யுவான் வரை அபராதமும் போடலாம். எனக்கோ வசிப்பு அனுமதியைப் புதுப்பிக்கிற நேரம். காலாவதிக்கு 30 நாள் முன்பே மனு கொடுத்தாக வேண்டும், அதற்கு இந்தப் பதிவுத் தாள் இல்லாமல் முடியாது.

ஞாயிறு மாலை சாமான் இறக்கினேன். திங்கள் காலை வழக்கமாகப் போகும் ஸ்டேஷனுக்கே போனேன். ஒரே நகரம்தானே, விலாசத்தை மாற்றிக் கொடுப்பார்கள் என்ற நினைப்பு. கவுன்டரில் இருந்தவர் வாடகை ஒப்பந்தத்தைப் பார்த்தார், நிமிர்ந்துகூடப் பார்க்காமல் "புகுய் வோமன் குவான்" என்றார். நம்ம பாஷையில் சொன்னால், எங்க லிமிட் இல்லை. அந்த வாரம் இந்த வாக்கியத்தை மூன்று இடத்தில் கேட்டேன்.

சரி, புது ஜென்னின் அரசு அலுவலகத்துக்கே போய்விடலாம் என்று கிளம்பினேன். வாசலில் இரண்டு நெட்டைப் பலகைகள், ஒன்றில் சிவப்பு எழுத்து, இன்னொன்றில் கறுப்பு. சிவப்பு கட்சிக் குழுவுக்கு, கறுப்பு அரசாங்கத்துக்கு. பக்கத்தில் சேவை மையம். டோக்கன் எடுத்தேன், மணி 11:40. 12 மணிக்கு ஷட்டர் இறங்கியது, மறுபடி திறந்தது இரண்டரைக்கு. மூன்று மணிக்கு என் எண் வந்ததும் அந்தப் பெண் சொன்னது: இது போலீஸ் வேலை, இங்கே இல்லை. எந்த ஸ்டேஷன் என்று கேட்டால், உங்கள் வீடு எந்தக் குடியிருப்புக் குழுவில் இருக்கிறதோ அதற்கான ஸ்டேஷன். ஒரு ஜென்னுக்கு ஒரே ஸ்டேஷன் என்று நினைத்தேன் பாருங்கள்! அன்று அவ்வளவுதான்.

செவ்வாய்க்கிழமை சரியான ஸ்டேஷன் கிடைத்தது. இப்போது வீட்டுப் பத்திர நகல் வேண்டுமாம். என் வீடு கிராமத்துக்காரர் தன் மனையில் தானே கட்டிய ஆறு மாடி, அதற்குப் பத்திரம் கிடையாது. அப்படியென்றால் குடியிருப்புக் குழுவின் முத்திரை போட்ட சான்று வேண்டும். அந்தக் குழு காகிதத்தில் அரசாங்கமே இல்லை, மக்களின் தன்னாட்சி அமைப்பு. ஆனால் அதன் வட்டச் சிவப்பு முத்திரை விழாமல் அரசாங்கம் நகராது. அங்கே ஓடினால் முத்திரை பெட்டிக்குள், சாவி வைத்திருப்பவர் கூட்டத்தில்.

புதன்கிழமை வீட்டுக்கார ஆ-யியிடம் (சீனத்தில் அத்தை, சித்தி மாதிரி அழைப்பு) போய் நின்றேன். வாடகைக் கணக்கு வெளியே வந்தால் வரி வரும் என்று முதலில் தயங்கினார். என் முகத்தைப் பார்த்து இரக்கப்பட்டாரோ என்னவோ, "ஏறு" என்று மின்சார ஸ்கூட்டரின் பின்னால் உட்கார வைத்துக் கூட்டிப் போனார். குழு அலுவலகத்தில் கான்டனீஸில் இரண்டே நிமிடம் சத்தம் போட்டார். ஒரு வார்த்தை புரியவில்லை. சாவிக்காரர் எங்கிருந்தோ வந்தார், முத்திரை விழுந்தது. அந்த மை உலர்வதற்குள் ஸ்டேஷனில் இருந்தேன்.

அங்கே அடுத்த கேள்வி: ஞாயிறு குடிபோனவர் புதன்கிழமை ஏன் வருகிறீர்கள்? பர்ஸில் கசங்கிக் கிடந்த டோக்கன் சீட்டை எடுத்து நீட்டினேன். திங்கள், 11:40 என்று அச்சாகி இருந்தது. அதிகாரி அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார், சிரித்தார், வாய்மொழியாகக் கண்டித்ததோடு விட்டார். எந்த அலுவலகத்தில் எந்தச் சீட்டு கொடுத்தாலும் தூக்கிப் போடாதீர்கள், 2,000 யுவான் பெறும்.

தாளை வாங்கிய சந்தோஷத்தில் படிக்காமல் மடித்து வைத்தேன். அதுதான் தப்பு. வியாழன் காலை குடிவரவு கவுன்டரில் திருப்பி அனுப்பினார்கள்: பெயர் பாஸ்போர்ட்டோடு ஒத்துப்போகவில்லை. நம்மில் பலருக்குப் போல என் பாஸ்போர்ட்டிலும் குடும்பப் பெயர் கட்டம் காலி. ஸ்டேஷன்காரர் பாவம், கட்டத்தை நிரப்பியே ஆக வேண்டும் என்று கடைசிப் பக்கத்துக்குப் போய் அப்பா பெயரை எடுத்துப் போட்டுவிட்டார். அந்தத் தாளின்படி டோங்குவானில் ஞாயிறிலிருந்து எங்கப்பாதான் குடியிருந்தார் போல. மறுபடி ஸ்டேஷன், மறுபடி வரிசை. இந்த முறை திரையைப் பார்க்க விடுங்கள் என்று கேட்டு, எழுத்தெழுத்தாகச் சரிபார்த்த பிறகுதான் பிரிண்ட் எடுக்க விட்டேன். குடும்பப் பெயர் இல்லாதவர்கள் பழைய வசிப்பு அனுமதியில் பெயர் எப்படி இருக்கிறதோ, அந்தப் பக்கத்தைத் திறந்தே நீட்டுங்கள்.

வெள்ளிக்கிழமை மனு போனது. பத்தே நிமிடம்.

இன்னொன்று. ஆன்லைன் படிவங்களில் மாகாணம், நகரம், மாவட்டம் என்று மூன்று கட்டம் வரும். டோங்குவானுக்கு மாவட்டம் இல்லையே என்று தேடிக்கொண்டிருக்காதீர்கள், அந்த மூன்றாவது பட்டியலிலேயே ஜென் பெயர்கள் இருக்கும். பார்சல் ஆப்பில் அதை மாற்ற மறந்துவிட்டேன், அரிசி மூட்டை ரோட்டுக்கு அந்தப் பக்கம் போய் உட்கார்ந்திருந்தது. இதை மட்டும் போய் நானே தூக்கி வந்துவிட்டேன், யாரும் முத்திரை கேட்கவில்லை.