சோலினாய்டுக்கு வெளியே பூஜ்யம் என்றார்கள்: என் எம்.எஸ்சி. புராஜெக்ட் தேறிய கதை

நீளமான குழாயின் மேல் ஒயரை நெருக்கமாகச் சுற்றிய காயில்தான் சோலினாய்டு. அதை வைத்துச் செய்த என் புராஜெக்டுக்கு வைவா முடிந்து ரெக்கார்டில் கையெழுத்தும் விழுந்துவிட்டது. நிம்மதிதான். ஆனாலும் இடையில் நடந்த ரிவ்யூவை நினைத்தால் இன்னும் மனசு ஆறவில்லை. “சோலினாய்டுக்கு வெளியே காந்தப்புலம் பூஜ்யம், உங்க ரீடிங் தப்பு” என்று ஒரே வரியில் என் டேபிளையெல்லாம் ஒதுக்கிவிட்டார்கள். அடுத்த வருஷம் சோலினாய்டின் உள்ளும் புறமும் உள்ள காந்தப்புலம், மின்புலம் என்று தலைப்பு எடுக்கப்போகிற தம்பி தங்கைகளுக்காக இதை எழுதுகிறேன். கரண்ட் ஓடினால் காந்தப்புலம் வரும் என்கிற ஆம்பியர் விதியும், காந்தப்புலம் மாறினால் மின்புலம் வரும் என்கிற ஃபாரடே விதியும் உங்களுக்குத் தெரியும். எங்கெங்கே மாட்டிக்கொள்வீர்கள் என்பதை மட்டும் சொல்கிறேன்.

முதல் தொல்லை ஒயர். எனக்கு ஊர் புளியம்பட்டிப் பக்கம். சுற்றுவட்டாரம் முழுக்க போர்வெல் என்பதால் ஒயின்டிங் கடைகளில் கேட்டவுடன் சப்மெர்சிபிள் மோட்டார் ஒயரைத்தான் எடுத்து நீட்டுகிறார்கள். தண்ணீருக்குள் ஓடுகிற மோட்டாருக்கானது அது. மேலே பிளாஸ்டிக் உறை தடிமனாக இருக்கும். அதை வைத்துச் சுற்றினால் ஒரு சென்டிமீட்டருக்குள் அடங்குகிற சுற்றுகள் குறையும், புலமும் குறையும். நமக்கு வேண்டியது மெல்லிய பூச்சு மட்டும் உள்ள எனாமல் ஒயர். மிக்ஸி, ஃபேன், மோனோபிளாக் கட்டுகிற கடைகளில்தான் அது இருக்கும்.

கோவை பஸ் ஏறி கணபதியில் இறங்கினால் சத்தி ரோட்டிலேயே இந்தக் கடைகள் உண்டு. அங்கேயும் கவனம் வேண்டும். ஒரு கடையில் 22 கேஜ் என்று சொல்லி ஸ்பூலை எடை போடவே ஆரம்பித்துவிட்டார்கள். நான் லேபிலிருந்து ஸ்க்ரூ கேஜை எடுத்துப் போயிருந்தேன். நுனியில் எனாமலைப் பிளேடால் சுரண்டி அளந்தால் 0.61 மில்லிமீட்டர். 22 கேஜ் என்றால் 0.71 இருக்க வேண்டும், 0.61 என்பது 23. கேட்டதற்கு, “எல்லாம் ஒண்ணுதானுங்க, யாரும் இப்படி அளக்கறதில்ல” என்று பதில். ரெசிஸ்டன்ஸ் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் ஏறிவிடும், எப்படி ஒன்றாகும்? அப்படியே வைத்துவிட்டு அடுத்த கடைக்குப் போனேன்.

அங்கே இருந்த அண்ணாதான் இந்த புராஜெக்டைக் கரையேற்றியவர். “எந்த மோட்டாருக்குங்க அம்மணி?” என்றார். மோட்டாருக்கு இல்லீங்ணா, 60 சென்டிமீட்டர் பிவிசி பைப்பில் நெருக்கமாக ஒரே வரிசை சுற்ற வேண்டும் என்று 50 எம்எம் பைப்பை நீட்டினேன். வாங்கிப் பார்த்துவிட்டு, கை மெஷினில் பைப்பை மாட்டி, கவுன்ட்டரைப் பூஜ்யத்துக்குத் திருப்பி, ஒயரைக் கட்டைவிரலுக்கும் துணிக்கும் நடுவில் இழுத்துப் பிடித்துக்கொண்டு அவரே சுற்ற ஆரம்பித்தார். எனாமலோடு சேர்த்து ஒரு சுற்றுக்கு 0.8 மில்லிமீட்டர் பிடித்தது. கவுன்ட்டர் 750 காட்டியது. மீட்டருக்கு 1250 சுற்று. ஒயர் 120 மீட்டர், எடை 400 கிராமுக்குக் கொஞ்சம் மேல், ரெசிஸ்டன்ஸ் 5 ஓம் சொச்சம். நீங்கள் வாங்கும்போது ஒரு கிலோவாகவே வாங்கிவிடுங்கள். ஏன் என்று பின்னால் தெரியும்.

பவர் சப்ளை, அம்மீட்டர், மரத் தாங்கி எல்லாம் சிக்கல் இல்லாமல் கிடைத்தன. அடுத்த தலைவலி ஹால் புரோப், அதாவது காந்தப்புலத்தை உணர்கிற சென்சார் வைத்த குச்சி. எங்கள் ஸ்டோரில் இண்டென்ட் போட்டால், புலத்தைக் காஸ் என்கிற அலகில் காட்டுகிற காஸ்மீட்டரோடு ஒரு தட்டையான புரோப்பைக் கொடுத்தார்கள். அது டிரான்ஸ்வர்ஸ் புரோப். தன் தட்டை முகத்துக்குச் செங்குத்தாக வருகிற புலத்தைத்தான் படிக்கும். காயிலுக்குள் நீளவாக்கில் விட்டால் புலம் அதன் உடம்போடு இணையாக ஓடும். மீட்டர் ஏறக்குறைய ஒன்றும் காட்டாது. நீளவாக்கில் ஓடுகிற புலத்தைப் படிக்கிற ஆக்ஸியல் புரோப் வேண்டும் என்றால், “இதுல தானே எல்லா பேட்ச்சும் எடுத்தாங்க” என்கிறார் ஸ்டோர் கிளார்க். எல்லா பேட்ச்சும் எடுத்தது எலக்ட்ரோமேக்னட்டின் இரண்டு முனைகளுக்கு நடுவே. அந்த இடத்துக்குத் தட்டைப் புரோப்தான் சரி. இதை விளக்கியும் அவர் காதில் ஏறவில்லை.

கோவையில் இன்னொரு காலேஜில் ஆக்ஸியல் புரோப் இருப்பதாகத் தெரிந்து, துறைத் தலைவர் கையெழுத்துப் போட்ட லெட்டரோடு கிளம்பினேன். அங்கே ஆபீஸில் இருந்தவர் லெட்டரைப் பிரித்துக்கூடப் படிக்கவில்லை. அடியில் பார்த்தார், “பிரின்ஸிபால் சீல் எங்க?” என்றார், திருப்பிக் கொடுத்தார். ஃபோனில் பேசிப் பாருங்கள் என்று கெஞ்சினேன், சாப்பிடப் போய்விட்டார். அன்றைய நாள் முழுக்க வீண். காலையில் அன்னூர் தாண்டும் வரை பஸ்ஸில் நின்றுகொண்டே வந்தவளுக்கு அழுகையே வந்துவிட்டது. வேறு காலேஜில் கருவி கேட்கப் போகிறவர்கள் லெட்டரை முதல்வருக்கு எழுதி, நம் முதல்வர் வழியாக அனுப்பி, சீலும் தேதியும் விழுந்த பிறகே கிளம்புங்கள். போனஃபைடும் காலேஜ் ஐடி நகலும் கூடவே இருக்கட்டும். சீலோடு மறுபடி போனபோது வேலை அரை மணி நேரத்தில் முடிந்துவிட்டது.

உள்ளே அளந்தது சுலபம். 1 ஆம்பியருக்குக் கணக்குப்படி 15.7 காஸ் வர வேண்டும். நடுவில் அதற்கு ஒட்டியே வந்தது. நடுப்பகுதியில் புரோப்பை நகர்த்தினாலும் மாறவில்லை, இரு முனைகளிலும் சரியாகப் பாதியானது. இந்த கிராஃபில் யாரும் குறை சொல்லவில்லை.

வம்பு வெளியே தொடங்கியது. லேப் காஸ்மீட்டரின் மீச்சிறு அளவு 1 காஸ். காயிலுக்கு வெளியே, பக்கவாட்டில், நடுப்பகுதிக்கு நேராக இருக்கிற புலம் 1 ஆம்பியருக்கு ஒரு காஸில் இருபதில் ஒரு பங்கு. மீட்டரில் 000 தான் வரும். அந்த 000-ஐத்தான் பல ரெக்கார்டுகளில் “வெளியே பூஜ்யம், கோட்பாடு நிரூபணம்” என்று எழுதி வைத்திருக்கிறார்கள். மீட்டருக்கு எட்டாததும் இல்லாததும் ஒன்றல்ல. அந்த வரியை என்னால் எழுத முடியவில்லை.

அதற்கு மொபைலைப் பயன்படுத்தினேன். ஜெர்மனியின் ஆகன் பல்கலைக்கழகத்தில் உருவாக்கிய ஃபைஃபாக்ஸ் என்ற இலவச ஆப், ஃபோனுக்குள் இருக்கிற காந்த சென்சாரின் மூன்று திசை ரீடிங்கையும் மைக்ரோடெஸ்லாவில் (100 மைக்ரோடெஸ்லா ஒரு காஸ்) தனித்தனியாகக் காட்டும். காந்தம் வைத்த ஃப்ளிப் கவரைக் கழற்றிவிடுங்கள். சென்சார் ஃபோனில் எந்த மூலையில் இருக்கிறது என்று காந்தமேற்றிய தையல் ஊசியை மேலே நகர்த்திக் கண்டுபிடியுங்கள். தூரத்தை அந்த இடத்திலிருந்துதான் அளக்க வேண்டும். ஃபோனைக் காயிலுக்குள் மட்டும் விடாதீர்கள்.

பூமியின் புலம் நம் பக்கம் சுமார் 40 மைக்ரோடெஸ்லா. காந்த நடுக்கோடு தமிழ்நாட்டின் தென்கோடிக்கு அருகில் போவதால் அது இங்கே ஏறக்குறைய கிடைமட்டமாக, வடக்குப் பார்த்து இருக்கும். அதனால் காயிலைக் கிழக்கு மேற்காக வைத்தேன். அச்சுத் திசையில் பூமியின் பங்கு அநேகமாக இல்லாமல் போகும். பிறகு கரண்டைத் திருப்பிவிட்டு, இரண்டு ரீடிங்கின் வித்தியாசத்தில் பாதியை எடுத்தால் மிச்சமிருப்பதும், பக்கத்து இரும்பு டேபிளின் பங்கும் கழிந்துவிடும். இந்தப் படியை விட்டுவிட்டால் வெளியே எடுக்கிற எந்த எண்ணுக்கும் அர்த்தம் இல்லை.

2 ஆம்பியர் கொடுத்து, அச்சிலிருந்து 8 சென்டிமீட்டர் தள்ளி அளந்தேன். அச்சுத் திசையில் 10 மைக்ரோடெஸ்லா, உள்ளே இருக்கிற புலத்துக்கு எதிர்த்திசையில். ஒரு முனையில் வெளியேறிய புலக்கோடுகள் சுற்றிவந்து மறுமுனையில் நுழைகிற திரும்பு வழி அது. நீளம் முடிவில்லாமல் போனால்தான் அது பூஜ்யம். என் காயில் 60 சென்டிமீட்டர்தான். இது எதிர்பார்த்தது. எதிர்பார்க்காதது இன்னொன்று: காயிலைச் சுற்றி வளையமாக ஓடுகிற திசையிலும் 5 மைக்ரோடெஸ்லா அளவுக்கு ஒரு புலம் வந்தது. யோசித்தால் காரணம் தெளிவு. ஒரே வரிசையாகச் சுற்றும்போது கரண்ட் வட்டமடிப்பதோடு நிற்பதில்லை. ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குப் போயும் சேர்கிறது. வெளியே நிற்பவருக்கு அது 2 ஆம்பியர் ஓடுகிற நேர்க்கம்பிதான்.

இதையெல்லாம் ரிவ்யூவில் வைத்தபோதுதான் அந்த வரியைச் சொன்னார்கள். திரும்பு புலத்தைக் காட்டினால், “மொபைல் ஒரு இன்ஸ்ட்ருமென்ட்டா?” வளையப் புலத்தைக் காட்டினால், “அது உங்க லீடு ஒயரோடது.” சப்ளையையும் காயிலையும் இணைக்கிற அந்த லீடை ஒரு மீட்டர் தள்ளித்தான் கொண்டுபோயிருந்தேன் என்பதைக் கேட்க யாருக்கும் பொறுமை இல்லை. புத்தகத்தில் அந்த வரிக்கு மேலேயே ‘முடிவிலா நீளமுள்ள’ என்று இருப்பதைத் தொட்டுக் காட்டியும் பயனில்லை. மாற்றிக்கொண்டு வா என்று அனுப்பிவிட்டார்கள்.

மறுபடியும் கணபதி. அண்ணாவிடம் நடந்ததைச் சொன்னேன். காயிலைக் கையில் உருட்டிப் பார்த்தவர், “இந்தக் கட்டால போன கரண்டு அந்தக் கட்டால நின்னு போச்சல்ல. போன வழியே திருப்பிச் சுத்திக் கொண்டாந்துட்டா ரெண்டு லீடும் ஒரே பக்கம் வந்துருமுங்க அம்மணி” என்றார். அவருக்கு லீடு ஒரே பக்கம் வருவது சௌகரியம். எனக்கோ அதுதான் விடை. இரண்டாவது வரிசையை அதே சுற்றுத் திசையில், ஆனால் திரும்பிவருகிற மாதிரி சுற்றினால் வட்டக் கரண்ட் இரட்டிப்பாகும். முனைக்கு முனை போகிற கரண்ட் மட்டும் அடிபட்டுப் போகும். மீதி ஒயர் கையில் இருந்ததால் அன்றைக்கே முடித்துக் கொடுத்தார். கூலியாக டீக்காசுக்கு மேல் வாங்கமாட்டேன் என்றுவிட்டார்.

அதே 2 ஆம்பியர், அதே 8 சென்டிமீட்டர். அச்சுத் திசையில் 10 இருந்தது 20 ஆனது. வளையத் திசையில் 5 இருந்தது காணாமல் போனது. லேபில் தனியாகத்தான் இருந்தேன், கைதட்டிவிட்டேன். ஃபோன் பொய் சொல்வதாக இருந்தால் ஒன்றை இரட்டிப்பாக்கி மற்றதை மட்டும் அழிக்க அதற்கு எப்படித் தெரியும்? ஒரு எச்சரிக்கை: இரண்டு வரிசைக்கு 2 ஆம்பியர் என்றால் 40 வாட்டுக்கு மேல் சூடு. ரீடிங் எடுக்கிற சில நொடிகளுக்கு மட்டும் ஆன் செய்யுங்கள். சப்ளையை நிலைக் கரண்டில் வையுங்கள், இல்லையென்றால் செம்பு சூடேறக் கரண்ட் இறங்கிக்கொண்டே போகும்.

காந்தப்புலம் மாறிக்கொண்டே இருந்தால்தான் மின்புலம் வரும், அதனால் மின்புலத்துக்கு 50 ஹெர்ட்ஸ் ஏசி. ஏசி வோல்டேஜைக் கூட்டிக் குறைக்கிற டிம்மர்ஸ்டாட்டை நேராகக் காயிலில் இணைக்காதீர்கள். அதில் மெயினிலிருந்து பிரிப்பே கிடையாது, ஷாக் அடிக்கும். டிம்மர்ஸ்டாட்டிலிருந்து 12 வோல்ட் டிரான்ஸ்ஃபார்மருக்கு, அதிலிருந்து காயிலுக்கு. 1 ஆம்பியர் ஏசிக்கு அது போதும். மின்புலத்தைப் பிடிக்க 12, 20 சென்டிமீட்டர் விட்டமுள்ள இரண்டு மர எம்பிராய்டரி வளையங்களில் மெல்லிய எனாமல் ஒயரை 100 சுற்று சுற்றிக்கொண்டேன். லீடு இரண்டையும் முறுக்கித்தான் மல்டிமீட்டருக்குக் கொண்டுபோக வேண்டும்.

சின்ன வளையத்தில் 202 மில்லிவோல்ட், பெரியதில் 196. வளையத்தைக் காயிலின் மேல் ஒரு பக்கமாக ஒதுக்கினேன், சாய்த்தேன். எண் அசையவே இல்லை. காயிலுக்கு வெளியே பக்கத்தில் வைத்தால் சில மில்லிவோல்ட்டுக்கு விழுந்தது. ஒயர் இருக்கிற இடத்தில் காந்தப்புலம் அநேகமாக இல்லை, ஆனாலும் மின்புலம் இருக்கிறது. ஒரு சுற்றுக்கு 2 மில்லிவோல்ட்டை வளையத்தின் சுற்றளவால் வகுத்தால் 6 சென்டிமீட்டர் ஆரத்தில் மீட்டருக்கு 5.4 மில்லிவோல்ட், 10 சென்டிமீட்டரில் 3.1. தூரம் கூடக் கூட அதே விகிதத்தில் குறைகிறது. உள்ளே நேர்மாறு: அச்சில் பூஜ்யத்தில் தொடங்கி ஒயர் வரை ஏறுகிறது.

வைவாவில் வெளியிலிருந்து வந்த எக்ஸாமினர் நேராக இங்கேதான் வந்தார். “வெளியே புலம் இல்லேன்னா இந்த வோல்டேஜ் எங்கிருந்தும்மா வருது?” வளையத்தின் ஒயர் எங்கே இருக்கிறது என்பது கணக்கில்லை, அது சூழ்ந்திருக்கிற மொத்தப் பாயம், அதாவது வளையத்துக்குள் புகுந்து போகிற மொத்தக் காந்தப்புலம், மாறுவதுதான் கணக்கு என்றேன். “அப்ப பெரிய வளையத்துல ஏன் 3 சதவீதம் குறையுது?” என்று அடுத்த கேள்வி. அந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்தேன். பெரிய வளையம் திரும்பு புலத்தையும் கொஞ்சம் சேர்த்து அடைக்கிறது, அது எதிர்த்திசை என்பதால் கழிகிறது என்று சொல்லி, ரிவ்யூவில் ஒதுக்கப்பட்ட டேபிளை எடுத்து வைத்தேன். அந்த எண்ணை வைத்து அவரே பேப்பரில் போட்டுப் பார்த்தார். ஒத்துவந்தது. ரிவ்யூவில் இருந்தவர்களும் அதே அறையில்தான் இருந்தார்கள்.

பணம் திரும்ப வாங்க வேண்டுமானால் கடையிலேயே ஜிஎஸ்டி எண் அச்சடித்த பில் கேளுங்கள், காலேஜ் பெயரில் எழுதச் சொல்லுங்கள். வெள்ளைத்தாள் ரசீதை எங்கள் ஆபீஸில் தொடக்கூட இல்லை. காயிலையும் இரண்டு வளையத்தையும் துறை லேபிலேயே விட்டு வந்திருக்கிறேன். 1500 சுற்று, 10.6 ஓம் என்று பைப்பின் மேலேயே எழுதியிருக்கிறது. நுனிகள் சுரண்டித் தயாராக இருக்கின்றன. 2 ஆம்பியருக்கு மேல் ஏற்றாதீர்கள்.