வெக்கை என்ற சொல்லோடு முக்தேஷ்வர் மலையில்

மாடுகளைக் கூட்டங்கூட்டமாகச் சாய்த்த கொள்ளைநோய்க்குத் தமிழில் வெக்கை என்று பெயர். கால்நடை மருத்துவர்கள் அதையே ரிண்டர்பெஸ்ட் என்பார்கள். இரண்டு சொற்களும் ஒரே நோயைக் குறித்தாலும், ஒன்று தொழுவத்தில் பிறந்தது, மற்றொன்று வேறொரு தேசத்தின் மொழியிலிருந்து நூல்களின் வழியே வந்தது. இந்த இரு பெயர்களின் வரலாற்றையும் தேடிப் படிக்கத் தொடங்கியதிலிருந்து முக்தேஷ்வர் என்ற ஊரின் பெயர் திரும்பத் திரும்பக் கண்ணில் பட்டது. உத்தராகண்ட் மாநிலம் நைனிதால் மாவட்டத்திலுள்ள அந்த மலையூரில்தான் இந்தியாவில் வெக்கையை எதிர்த்து நடந்த ஆராய்ச்சியின் பெரும்பகுதி நடந்தது. அங்கே போய்வர வேண்டும் என்ற ஆசை நெடுநாள் மனத்தில் இருந்து, ஒருவழியாகச் சென்ற இலையுதிர் காலத்தில் நிறைவேறியது.

காத்கோதாமில் ரயில் பாதை முடிந்துவிடுகிறது. அங்கிருந்து வாடகைக் காரில் பீம்தால், பவாலி வழியாக மேலே ஏறினோம். கீழ்ச்சரிவுகளில் பைன் மரங்களாகவும், உயர உயர ஓக் மரங்களும் தேவதாருக்களுமாகவும் காடு மாறிக்கொண்டே வந்தது. ஓட்டுநர் அந்தப் பக்கத்து இளைஞர். வீட்டில் இரண்டு பசுக்கள் வைத்திருப்பதாகச் சொன்னார். மாட்டு நோய்களைப் பற்றிக் கேட்டபோது, குர்பக்கா என்று உடனே சொன்னார். குளம்பு புண்ணாகும் நோய் என்று பொருள்படும் அந்தச் சொல் நாம் கோமாரி என்றும் காணை என்றும் சொல்லும் நோய்க்கு உரியது. போங்க்னி என்ற பெயரைக் கேள்விப்பட்டதுண்டா என்றேன். “இல்லை சார், அது என்ன நோய்?” என்று திருப்பிக் கேட்டார். இந்தி பேசும் ஊர்களில் வெக்கைக்கு வழங்கிய பெயர்களுள் ஒன்று அது. அந்நோயை ஆராய்ந்த ஊரின் அடிவாரத்தில் வளர்ந்த, மாடு வளர்க்கும் ஓர் இளைஞருக்கு அந்தப் பெயர் தெரியவில்லை என்பது எனக்குப் பெரும் மகிழ்ச்சியைத் தந்தது. அந்த மறதியை உண்டாக்குவதற்காகத்தான் நூறாண்டுக்கு மேல் அந்த மலையில் வேலை நடந்தது.

முக்தேஷ்வர் ஏறத்தாழ 2,290 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. வானம் தெளிந்திருந்ததால் நந்தா தேவியும் திரிசூலும் கண்ணெதிரே நின்றன. ஆனால் நான் பார்க்க வந்தது சிகரங்களை அல்ல என்பதால், சிவன் கோயிலை வணங்கிவிட்டு ஆராய்ச்சி வளாகத்தின் பக்கம் நடந்தேன். 1889ஆம் ஆண்டு புனேயில் இம்பீரியல் பாக்டீரியாலஜிகல் லேபரட்டரி என்ற பெயரில் தொடங்கப்பட்ட நிலையம், 1893இல் இங்கே கொண்டுவரப்பட்டது. கொடிய தொற்றுக் கிருமிகளை மக்களும் மந்தைகளும் நெருங்கி வாழும் சமவெளியில் வைத்து ஆராய்வது ஆபத்து என்பதால், விலகி நிற்கும் ஒரு குளிர்ந்த மலை தேவைப்பட்டது. அதன் முதல் தலைவர் ஆல்பிரட் லிங்கார்ட். இன்று அது இந்தியக் கால்நடை ஆராய்ச்சி நிறுவனம். தலைமையகம் பரேலிக்கு அருகிலுள்ள இஸ்ஸத்நகரில் இருக்கிறது, முக்தேஷ்வர் அதன் மலை வளாகமாகத் தொடர்கிறது.

கருங்கல் சுவர்களும் சரிந்த கூரைகளுமாக நிற்கும் பழைய கட்டடங்களுக்கு நடுவே சிறிய காட்சியகம் ஒன்று உண்டு. கண்ணாடிக்குப் பின்னால் பித்தளை நுண்ணோக்கிகள், தடித்த ஊசிகள், வாய் குறுகிய குடுவைகள். ஜெர்மன் கிருமியியல் அறிஞர் ராபர்ட் கோக் பயன்படுத்தியதாகச் சொல்லப்படும் நுண்ணோக்கியின் முன் சற்று நேரம் நின்றேன். 1896இன் இறுதியில் தென்னாப்பிரிக்காவின் கிம்பர்லி நகரில் வெக்கைக்கு மருந்து தேடி, இறந்த மாட்டின் பித்தநீரை நலமான மாடுகளுக்கு ஏற்றும் முறையை முன்வைத்த கோக், 1897இல் இந்தியாவுக்கு வந்தபோது முக்தேஷ்வருக்கும் வந்தார். மின்சாரம் வராத காலத்தில், ரத்தத்திலிருந்து பிரித்தெடுக்கும் மருந்தான சீரத்தைக் கெடாமல் வைப்பதற்காக நிலத்தடியில் அமைத்த குளிர் அறை ஒன்றும் இவ்வளாகத்தில் இருக்கிறது. அந்தக் குளிரும் மருந்தும் யாருக்காக என்று நினைத்தபோதுதான், வெக்கை என்ற நம் சொல் எவ்வளவு துல்லியமானது என்று எனக்கு உறைத்தது.

வெக்கை என்றால் வெப்பம், புழுக்கம். கோடை நாளில் வெக்கை தாங்கவில்லை என்கிறோமே, அதே சொல்தான். இந்நோய் தாக்கிய மாட்டுக்கு முதலில் வருவது கடுங்காய்ச்சல். உடம்பு 40 டிகிரி செல்சியஸுக்கு மேல் கொதிக்கும். எப்போதும் ஈரமாக மினுங்கும் மூக்கு நுனி காய்ந்துவிடும். மாடு அசை போடுவதை நிறுத்தி, மந்தையிலிருந்து ஒதுங்கித் தலையைத் தொங்கவிட்டு நிற்கும். அதன் பிறகுதான் கண்ணிலும் மூக்கிலும் சீழாக வடிவதும், ஈறுகளிலும் நாக்கடியிலும் தவிடு தூவியதைப் போன்ற வெண்புள்ளிகள் தோன்றிப் புண்ணாவதும், நாற்றமெடுத்த நீர்க்கழிச்சல் பீய்ச்சுவதும். உடம்பின் நீரெல்லாம் வற்றி, பெரும்பாலும் ஒன்றிரண்டு வாரங்களுக்குள் மாடு விழுந்துவிடும். மாட்டின் முதுகில் கைவைத்தே அதன் நலம் அறிந்த உழவன், நோயின் முதல் அடையாளமான அந்தச் சூட்டையே நோய்க்குப் பெயராக்கினான் என்று நான் நினைக்கிறேன்.

மற்ற மொழிக்காரர்கள் வேறு வேறு இடத்தில் கண்ணை வைத்திருக்கிறார்கள். இந்திப் பெயரான போங்க்னி, கழிச்சல் போவதைக் குறிக்கும் வினையிலிருந்து வந்தது. கன்னடத்தில் தொட்ட ரோகா, அதாவது பெரிய நோய். அளவைத் தவிர வேறொன்றும் சொல்லத் தேவையில்லை என்று கருதியிருக்கிறார்கள். மராத்தியில் புள்காண்டி. வங்காளத்தில் கோபசந்தோ, மலையாளத்தில் காலிவசந்த. வங்காளியில் வசந்தம் என்ற சொல்லே பெரியம்மையையும் குறிக்கும். ஆக, வங்காளப் பெயருக்கு மாட்டின் அம்மை என்று பொருள். இந்தப் பெயர்களை வரிசையாக வைத்துப் பார்த்தால் காய்ச்சல், கழிச்சல், கொப்புளம், அழிவின் அளவு என்று நோயின் முழு வடிவமும் கிடைத்துவிடுகிறது. எந்த ஆய்வுக்கூடமும் இல்லாமல் மேய்ப்பவர்கள் சேர்த்து வைத்த அறிவு இது, இதை நாம் உரிய மதிப்போடு பேசுவதில்லை என்ற வருத்தம் எனக்கு உண்டு.

ரிண்டர்பெஸ்ட் ஜெர்மன் சொல். ரிண்டர் என்றால் மாடுகள், பெஸ்ட் என்றால் கொள்ளைநோய்; பின்னது பெஸ்டிஸ் என்ற லத்தீன் சொல்லின் வழித்தோன்றல். ஆங்கிலேயர்கள் அதற்கு முன் மரெய்ன் என்ற பழஞ்சொல்லைப் பயன்படுத்தினார்கள். சாவைக் குறிக்கும் லத்தீன் வேரிலிருந்து பழைய பிரெஞ்சு வழியாக வந்த அது, கால்நடைகளைக் கொல்லும் எந்த நோய்க்கும் பொதுவாக வழங்கியது. 1865இல் வெக்கை பிரிட்டனுக்குள் புகுந்து பெரும் அழிவை உண்டாக்கிய காலத்தில்தான், இந்த ஒரு நோயை மட்டும் தனித்துச் சுட்டும் ஜெர்மன் சொல் ஆங்கிலத்தில் பரவலாயிற்று. ஐரோப்பாவுக்கு நோய் அப்போது புதிதல்ல. 1711இல் இத்தாலியை அது சூறையாடியபோது, போப்பாண்டவரின் மருத்துவரான லான்சிசி, நோயுற்ற மாடுகளைக் கொன்று சுண்ணாம்பிட்டுப் புதைக்கவும் மாடுகளின் நடமாட்டத்தைத் தடுக்கவும் சொன்னார். 1762இல் பிரான்சின் லியோன் நகரில் முதல் கால்நடை மருத்துவப் பள்ளி தொடங்கியதற்கும் இந்நோய் ஒரு முக்கியக் காரணம். இந்தியாவில் பிரிட்டிஷ் அரசு அமைத்த மாட்டுக் கொள்ளைநோய் ஆணையம் 1871இல் அறிக்கை அளித்தது.

சிறு வயதில் என் அப்பத்தா காலத்தைக் கணக்கிட்ட விதம் காட்சியகத்திலிருந்து வெளியே வரும்போது நினைவுக்கு வந்தது. “அது வெக்கை வந்த வருசத்துக்கு மொத வருசம்டா” என்பார். எந்த ஆண்டு என்று அவருக்குத் தெரியாது, தெரியவும் தேவையில்லை. தென்னாப்பிரிக்காவின் ஆப்பிரிக்கான்ஸ் மொழியிலும் இதே கணக்கு உண்டு: மிகப் பழைய காலம் என்று சொல்ல, ரிண்டர்பெஸ்டுக்கு முன்னால் என்பது அங்கே மரபுத்தொடராகவே நிலைத்துவிட்டது. அந்தத் தொடருக்குப் பின்னாலுள்ள கதை நம் நாட்டிலிருந்து தொடங்குகிறது. 1887இல், இன்றைய எரித்திரியாவில் இருந்த இத்தாலியப் படைக்காக இந்தியாவிலிருந்து கப்பலேற்றிய மாடுகளோடு நோய் ஆப்பிரிக்காவில் இறங்கியது என்பது வரலாற்றாசிரியர்கள் பரவலாக ஏற்ற கருத்து. பத்தாண்டுகளுக்குள் அது கண்டத்தின் தென்முனை வரை சென்றது. போன இடங்களில் நூற்றுக்கு எண்பது, தொண்ணூறு மாடுகள் இறந்தன. எத்தியோப்பியாவில் உழவு மாடுகள் இல்லாமல் பஞ்சம் வந்து, மக்களில் மூன்றில் ஒரு பங்கினர் மாண்டதாக மதிப்பிடப்படுகிறது. அந்த ஆண்டுகளை அவர்கள் கிஃபு கென், கொடிய நாட்கள், என்கிறார்கள். மாசாய் மக்கள் மாட்டுச் சாவும் பஞ்சமும் அம்மையும் சேர்ந்து வந்த அந்தக் காலத்தை எமுதாய் என்கிறார்கள். துடைத்தெறிதல் என்று பொருள்.

1920இலும் நோய் இப்படியே கப்பலேறிப் போனது. இந்தியாவிலிருந்து பிரேசிலுக்குப் போன திமில் மாடுகள் பெல்ஜியத்தின் ஆண்ட்வெர்ப் துறைமுகத்தில் தங்கியபோது நோய் அங்கே பரவியது. அந்த அதிர்ச்சியின் விளைவாகவே 1924இல் 28 நாடுகள் கூடிப் பாரிஸில் உலக விலங்கு நல அமைப்பைத் தோற்றுவித்தன.

முக்தேஷ்வரின் பெரிய பங்களிப்பும் அந்தப் பத்தாண்டைச் சேர்ந்தது. ஜே. டி. எட்வர்ட்ஸ் இங்கே வெக்கைக் கிருமியை ஓர் ஆட்டிலிருந்து மற்றோர் ஆட்டுக்குத் தொடர்ந்து கடத்திக் கடத்தி, மாட்டைக் கொல்லும் வீரியத்தை அது இழக்கும்படி செய்தார். அந்தத் தடுப்பூசி மலிவானது; நம் நாட்டு மாடுகளுக்கு ஒரு முறை போட்டாலே நீண்ட காலம் காத்தது. (கோழி வளர்ப்போர் எல்லாருக்கும் தெரிந்த ராணிக்கெட் நோய், இதே குமாவோன் மலைப்பகுதியிலுள்ள ராணிகேத் ஊரின் பெயரைத் தாங்கியது, அதையும் 1920களில் இந்நிலையத்தார்தான் இனங்கண்டு எழுதினார்கள். அழகான ஒரு மலையூருக்கு இப்படி ஒரு புகழ் வாய்த்ததில் எனக்கு வருத்தந்தான்.) 1954இல் நாடு தழுவிய வெக்கை ஒழிப்புத் திட்டம் தொடங்கியபோது, ஊர் ஊராக மாடுகளை ஓட்டிவரச் செய்து போட்டது ஆட்டுத் திசுவில் தயாரித்த இந்தத் தடுப்பூசியைத்தான். கென்யாவில் வால்டர் பிளவ்ரைட் உயிரணு வளர்ப்பு முறையில் உருவாக்கிய, இன்னும் பாதுகாப்பான தடுப்பூசி பின்னர் அதன் இடத்தைப் பிடித்தது. இந்தியாவில் கடைசியாக நோய் காணப்பட்டது 1995இல். 2006இல் இந்தியா நோய்த்தொற்று நீங்கிய நாடாக அறிவிக்கப்பட்டது. உலகின் கடைசி நோயாளி, 2001இல் கென்யாவின் காட்டெருமை. 2011இல் உலகத்திலிருந்தே வெக்கை ஒழிந்ததாக அறிவித்தார்கள். மனித முயற்சியால் இப்படி ஒழிந்தவை பெரியம்மையும் வெக்கையும் மட்டுமே.

இப்போது வெக்கை என்ற சொல்லைச் சிலர் கோமாரியோடு போட்டுக் குழப்புகிறார்கள். இரண்டிலும் வாய்ப்புண் வருவதால் வரும் குழப்பம் இது. கோமாரி குளம்பையும் தாக்கி மாட்டை நொண்ட வைக்கும், ஆனால் வளர்ந்த மாடு பெரும்பாலும் பிழைத்துக்கொள்ளும். வெக்கை குளம்பைத் தொடாது, உயிரை எடுக்கும். கிருமியும் வேறு. வெக்கைக் கிருமிக்கு நெருங்கிய உறவு, குழந்தைகளுக்கு வரும் தட்டம்மையின் கிருமிதான். மாட்டோடு மனிதன் கூடி வாழத் தொடங்கிய பிறகு, பழைய மாட்டுக் கிருமியிலிருந்தே தட்டம்மை பிரிந்து வந்தது என்று கருதுகிறார்கள். மாட்டின் நோயை அம்மை என்று அழைத்தவர்கள் பெரியம்மையை மனத்தில் வைத்தே அழைத்தார்கள் என்றாலும், உண்மையில் ஓர் அம்மையோடு அதற்குப் பிறப்புறவே இருந்திருக்கிறது.

அதே குடும்பத்தில் இன்னும் உயிரோடிருக்கும் மற்றொன்று, வெள்ளாடு செம்மறிகளைக் கொல்லும் ஆட்டுக்கொல்லி நோய். மலையாளத்தில் அதற்கு ஆடுவசந்த என்று பெயர். இந்தியாவில் இன்று அதற்குப் போடப்படும் சுங்ரி தடுப்பூசி உருவானதும் முக்தேஷ்வரில்தான். 2030ஆம் ஆண்டுக்குள் அதையும் உலகத்திலிருந்து ஒழிப்பது என்று இலக்கு வைத்திருக்கிறார்கள். அதற்கான ஊசி நம் கிராமங்களில் ஆட்டுக்கிடைகளுக்கு இன்றும் போடப்பட்டுக்கொண்டிருக்கிறது.